பேரு அவளோடது, கையெழுத்து என்னோடது

வணக்கம்ண்ணே. ஒரு மனு எழுதணும். ஒரே பக்கம்தான். ஒங்க கையால எழுதுனா உள்ள இருக்குறவுக ஒரு தடவையாச்சும் படிச்சுப் பாப்பாகன்னு எதிர்த்த டீக்கடையில சொன்னாக. திங்கக்கெழம கலெக்டர் ஆபீஸுல கூட்டம் அள்ளும்னு தெரிஞ்சுதான் வெள்ளெனாவே மொத பஸ்ஸப் பிடிச்சு வந்துட்டேன். இந்த ஸ்டூல்ல உக்காரலாமா? என்னண்ணே இது, இந்த ஆட்டம் ஆடுது. சரி விடுங்க, ஆடாத நாக்காலியில நாலு வருஷம் உக்காந்தவன், இன்னைக்கு ஒரு நாளைக்கு ஆடிக்கிறேன்.

எழுதிக்கங்க. அனுப்புநர். சேவுகன், ஊராட்சித் தலைவர், கருங்காலிவயல்.

என்ன, பேனா நிக்குது? ஓ, தலைவரு பேரு வேற மாதிரி கேள்விப்பட்டிருக்கீகளோ. இருங்க, நெசத்தச் சொல்லிடுறேன். வக்கீல்கிட்டயும் மனு எழுதுறவர்கிட்டயும் மறைக்கக் கூடாது. தலைவரு என் சம்சாரம், பஞ்சவர்ணம். எங்க ஊரத் தூக்கிப் பொம்பளைக்குன்னு ஒதுக்கிட்டாய்ங்க. நான் என்ன செய்ய? பதினஞ்சு வருஷமா நல்லது கெட்டதுக்கு ஓடி ஓடி ஆளு சேத்து வச்சிருக்கேன், திடீர்னு வந்து பொம்பளைன்னா? அதான் அவ பேர்ல நின்னேன். அவ பேர்லதான் செயிச்சேன். பதவி ஏத்த அன்னைக்கு உறுதிமொழிய மட்டும் அவளே வாசிச்சா. நல்லாத்தான் வாசிச்சா, பன்னெண்டாவது வரைக்கும் படிச்சவ. நான் ஒம்பதோட நின்னுட்டேன். மறுநாளு காலையில அவ இட்லி ஊத்தப் போயிட்டா, நான் ஆபீஸுக்குப் போயிட்டேன்.

ஊருல யாரையாச்சும் போயிக் கேளுங்க. தலைவருன்னா நான். அவளுக்குத் 'தலைவர் வீட்டம்மா'ன்னு பேரு. கிராம சபைக் கூட்டத்துல நடு நாக்காலிய அவளுக்குத்தான் போட்டுருவேன், அதுல நான் ரொம்பக் கரெக்டு. சால்வையப் போத்திக்கிட்டு உக்காந்திருப்பா. மைக்கு என் கையில. அவளுக்குப் பேச வராதுண்ணே. என்னைக்காச்சும் வாயத் தொறக்கப் போனா நான் லேசா இருமுவேன், டக்குனு மூடிக்குவா. நல்ல புரிதல் எங்களுக்குள்ள.

அதிகாரம்னா என்னண்ணே? நீங்க இந்த வாசல்ல எத்தன வருஷமா உக்காந்திருக்கீக, ஒங்களுக்குத் தெரியாததா? நாக்காலி, சீலு, பேனா. இந்த மூணும் யாருகிட்ட இருக்கோ அவுகதான் அரசாங்கம். மத்ததெல்லாம் பேச்சு. நாக்காலியில நான் உக்காந்தேன். சீலு என் சட்டைப் பையிலேயே கெடக்கும், தூங்குறப்பக்கூட தலமாட்டுல இருக்கும். பேனாவும் நானே.

ஆமாண்ணே, கையெழுத்தும் நான்தான் போட்டேன். மெதுவாப் பேசுங்க, அந்தா போலீஸு நிக்குது. இத மனுவுல எழுத வேணாம்.

ஆனா அந்தக் கையெழுத்தப் பத்திச் சொல்லணும்ண்ணே. அவ வேட்புமனுவுல போட்ட கையெழுத்து இருக்கே, பள்ளிக்கூடத்துப் பிள்ள கோலம் போட்ட மாதிரி உருண்டையா இருக்கும். அதப் பாத்தா எந்த அதிகாரி மதிப்பான்? நான் மூணு நாளு உக்காந்து, ஒரு குயர் நோட்டு முழுக்கப் போட்டுப் பாத்து, புதுசா ஒண்ணு உண்டாக்குனேன். 'பஞ்சவர்ணம்'ன்னு முடியிற எடத்துல மேல ஒரு சுழி, அப்பறம் கீழ ஒரு வால். சர்ருன்னு பேப்பர் ஓரம் வரைக்கும் போகும். செயலர் தவமணி, எங்க ஊராட்சிக்கு எழுத்து வேலையெல்லாம் பாக்குறவன், 'தலைவரே, கலெக்டர் கையெழுத்துகூட இவ்வளவு தோரணையா இல்ல'ன்னான். பேரு அவளோடது. கையெழுத்து என்னோடது. இதுதான் வழக்கே. இத நல்லா மனசுல வச்சுக்கங்க.

இப்ப விஷயத்துக்கு வாரேன்.

எங்க ஊருக்குப் புதுசா ஒரு மேல்நிலைத் தொட்டி சாங்ஷன் ஆச்சு. எங்க கட்டுறதுன்னு மே ஒண்ணாந்தேதி கிராம சபையில தீர்மானம் போட்டு அனுப்பணும். எங்க வீட்டுக்கு எதிர்த்தாப்புல பொது எடம் ஒண்ணு கெடக்கு. மெயின் ரோட்டுல போற பஸ்ஸுலேர்ந்து பாத்தாலே தெரியும். தொட்டியக் கட்டி, நீலப் பெயிண்டு அடிச்சு, என் பேரப் போட்டா எப்படி இருக்கும்? நெனச்சுப் பாருங்க. அவ என்னமோ, 'கெழக்குத் தெரு மேடு, குழாயில தண்ணி ஏறல, பொம்பளைக அரை மைலு நடந்து பம்புசெட்டுக்குப் போறாக'ன்னா. ரசம் ஊத்திக்கிட்டே சொன்னா. நான் இருமுனேன். அடங்கிட்டா.

அங்கதாண்ணே ஏமாந்தேன். அவ அடங்குனா விஷயம் முடிஞ்சிருச்சுன்னு நெனச்சேன்.

ஏப்ரல் கடைசியில எனக்கு அம்மை போட்டுருச்சு. சும்மா இல்ல, தலையிலேர்ந்து கால் வரைக்கும் முத்து முத்தா. வாசல்ல வேப்பிலையச் சொருகிட்டா. வெளியாளு உள்ள வரக் கூடாது. என்னைய உள்ளறையில வேப்பிலைய விரிச்சுப் படுக்கப் போட்டா. ராவும் பகலும் பக்கத்துலேயே இருந்தாண்ணே. எளநி சீவிக் குடுப்பா. அரிச்சா வேப்பங்கொத்தால நீவி விடுவா. எனக்குக் கண்ணுல தண்ணியே வந்திருச்சு. இப்படி ஒருத்தி கெடைக்க நான் என்ன புண்ணியம் பண்ணேனோன்னு நெனச்சேன். உள்ளபடி நெனச்சேன்.

ரெண்டாம் நாளு தலமாட்டுல இருந்த சீல எடுத்துட்டா. 'ஆத்தா வந்திருக்குற எடத்துல மை படக் கூடாதாம், சாமி ரூம்புல வைக்கிறேன்'னா. அவளுக்கு சாமி பயம் சாஸ்தி. நானும் சரின்னுட்டேன்.

மூணாம் நாளு தவமணி வாசல்ல வந்து நிக்கிறான். 'தலைவர்கிட்ட ஒரு கையெழுத்து வேணும்'ங்கிறான். எனக்கு உள்ள கேக்குது. இவ போயி, 'உள்ள வராத தம்பி, ஒனக்கும் ஒட்டிக்கிரும். குடு, நான் கொண்டு போயி வாங்கிட்டு வாரேன்'னா. நான் சாஞ்சு உக்காந்து கைய நீட்டித் தயாரா இருக்கேன். ஆளக் காணோம். கொஞ்ச நேரம் கழிச்சு வந்தா. 'என்ன, பேப்பரு?'ன்னேன். 'அது ஒண்ணுமில்ல, ரேஷன் கட வெவரம் கேட்டான், சொல்லி அனுப்பிட்டேன். படுங்க'ன்னா. படுத்துட்டேன்.

புரியுதா ஒங்களுக்கு? ஏன் சிரிக்கிறீக? அடுப்படிக்குப் போயிருக்கா. கதவுக்குப் பின்னால நின்னு போட்டுருக்கா. என் சுழி, என் வாலு, எல்லாத்தையும். வெளிய கொண்டு வந்து, 'இந்தா, தலைவரு போட்டுட்டாரு'ன்னு குடுத்திருக்கா. அவனும் பேப்பர ரெண்டு விரலால பிடிச்சு, வேப்பிலத் தண்ணி தெளிச்சு எடுத்துட்டுப் போயிருக்கான். சந்தேகமே வரலையே அந்த மடயனுக்கு! தலைவரோட கையெழுத்தத் தலைவரே போட்டுருக்காகன்னு ஒருத்தனுக்கும் தோணல பாருங்க.

பதினோரு நாளுண்ணே. மூணு தண்ணி ஊத்தி நான் வெளிய வர வரைக்கும் பதினோரு நாளு. மே ஒண்ணாந்தேதி கிராம சபை நடந்திருக்கு. 'தலைவரு சொல்லி அனுப்புனாரு'ன்னு ஆரம்பிச்சு இவளே மைக்கப் பிடிச்சுப் பேசியிருக்கா. முக்கா மணி நேரம். இருமுறதுக்கு ஆளு இல்லேல்ல.

நான் தலைக்குத் தண்ணி ஊத்திட்டுத் தெருவுல எறங்குனா, பாக்குறவன் எல்லாம் கும்புடுறான். 'தலைவரே, படுத்த படுக்கையா இருந்தும் வேலைய நிப்பாட்டலயே! தெரு லைட்டெல்லாம் எரியுது. ரேஷன் கடைய வாரம் நாலு நாளு தொறக்க வச்சுட்டீகளே'ங்கிறான். எனக்கே ஒரு மாதிரி பெருமையாப் போச்சு. ஒருவேள சொரத்துல உத்தரவு போட்டிருப்பேனோன்னு நெனச்சேன். மேலத் தெருப் பயலுக பிளெக்ஸே வச்சுட்டாய்ங்க. 'நோயிலும் ஓயாத நாயகன்'னு. வாசகம் நான் எழுதிக் குடுத்ததுதான். ஆனா ஆச அவங்களோடது.

அடுத்த வாரம் அளக்க வந்தாய்ங்க. எங்க வீட்டுக்கு எதிர்த்தாப்புல ஆளுகளுக்கு மோரு கரைச்சு வச்சுக்கிட்டு நான் நிக்கிறேன். ஜீப்பு என்னையத் தாண்டிக் கெழக்குத் தெருவுக்குப் போகுது! பின்னாலயே ஓடுனேன். அம்மை எறங்குன ஒடம்பு, மூச்சு வாங்குது. போயிப் பாத்தா அந்த மேட்டுல கயித்தக் கட்டிச் சுண்ணாம்புக் கோடு போட்டுக்கிட்டு இருக்காய்ங்க. 'யோவ், யாரு சொன்னா இங்க?'ன்னேன். அந்த இஞ்சினியரு பையன் தீர்மான நகல நீட்டுறான். 'நீங்கதான சார்?'ங்கிறான். கீழ பாத்தா சுழி. வாலு. சீலு.

கெழக்குத் தெருப் பொம்பளைக கூடி நிக்கிறாக. எனக்கு நன்றி சொல்லப் போறாகன்னு நெனச்சு வேட்டிய எறக்கி விட்டேன். ஒருத்தி, மாராயின்னு பேரு, எனக்குப் பின்னால எட்டிப் பாத்து, 'அக்கா வரலையா?'ன்னா. எனக்கு நெஞ்செல்லாம் எரிஞ்சுச்சுண்ணே. அம்மை போட்டப்பக்கூட அப்படி எரியல.

வீட்டுக்கு வந்து கத்துனேன். 'யாருடி என் கையெழுத்தப் போட்டது?'

'என் பேரத்தானங்க போட்டேன்.'

'பேரு ஒன்னோடது. கையெழுத்து என்னோடது. மூணு நாளு உக்காந்து உண்டாக்குனேன். நீ போட்டது கள்ளக் கையெழுத்து!'

அவ கோவப்படவே இல்ல. அதுதாண்ணே தாங்க முடியல. உள்ள போனா, ஒரு நோட்ட எடுத்துட்டு வந்தா. ஒரு பக்கம் முழுக்க அந்தக் கையெழுத்து. 'இதுல ஒண்ணு மட்டும் நீங்க போட்டது. எதுன்னு காட்டுங்க'ன்னா. எனக்கா தெரியாது? கண்ண மூடிக்கிட்டுச் சொல்லுவேன். நல்லா உத்துப் பாத்து, இருக்குறதுலயே கம்பீரமா ஒண்ணு இருந்துச்சு, அதத் தொட்டேன். அவ சிரிச்சா. 'அது போன மாசம் நான் கடுகு தாளிச்சுக்கிட்டே போட்டது'ங்கிறா.

'எப்படிடி படிச்ச?'ன்னேன். 'நாலு வருஷமா ஒங்க எதிர்க்க உக்காந்து பாத்துக்கிட்டுத்தான இருக்கேன். வேற என்ன வேல எனக்கு?'ன்னா. இப்படித்தாண்ணே பேசுறா. பேச வராதவ.

விடுவேனா? பி.டி.ஓ. ஆபீஸுக்குப் போனேன். அந்த அதிகாரியம்மா புதுசு, கண்ணாடி போட்டுக்கிட்டு மூஞ்சிய நிமிந்தே பாக்க மாட்டாக. 'மேடம், மே மாசத் தீர்மானத்துல இருக்குறது தலைவர் கையெழுத்தே இல்ல'ன்னேன்.

'ஒங்களுக்கு எப்படித் தெரியும்?'

'எனக்குத் தெரியாதா மேடம், தெனமும் நான்தான...'

அப்பத்தான் நிமிந்து பாத்தாக. 'நீங்கதான?'

'நான்தான பக்கத்துல இருந்து பாக்குறேன்'ன்னு முழுங்கிட்டேன். அந்தம்மா போனப் போட்டுட்டாக. ஒரு மணி நேரத்துல பஞ்சவர்ணம் வந்து நிக்கிறா, நல்ல சேலையக் கட்டிக்கிட்டு. 'போட்டுக் காட்டுங்கம்மா'ன்னாக. இவ நின்ன மேனிக்கு மூணு தடவ போட்டா. சர்ரு, சர்ரு, சர்ரு. அந்தம்மா நாலு வருஷத்துப் பேப்பரையும் பக்கத்துல வச்சுப் பாத்துட்டு, 'ஒரு மயிரிழை மாறலையே, ஒங்களுக்கு என்னங்க சந்தேகம்?'ங்கிறாக.

அது அவ கையெழுத்து இல்ல, என்னோடதுன்னா, அப்ப நாலு வருஷமா யாருய்யா போட்டதுன்னு அந்தா நிக்கிற போலீஸு கேக்கும். அவளோடதுதான்னு ஒத்துக்கிட்டா, தொட்டி கெழக்குத் தெருவுக்குப் போயிரும். வெளிய வந்து படியில எறங்குறப்ப இவ சொல்றா, 'பயப்படாதீக. நாலு வருஷமும் நான்தான் போட்டேன்னு சொல்லிட்டேன்ல. ஒங்கள யாரும் ஒண்ணும் பண்ண மாட்டாக'ன்னு. என்னையக் காப்பாத்திட்டாளாம்! என்ன திமிரு பாருங்க. என் நாலு வருஷ ஆட்சிய மொத்தமா அவ பேருக்கு எழுதிக்கிட்டு, அதுக்கு நான் நன்றி வேற சொல்லணுமாம்.

இப்ப சீலு அவ இடுப்புல. பேனா அவ கையில. நாக்காலிய நேத்து நானேதான் தொடச்சு வச்சேன், தூசியா இருந்துச்சு.

வெள்ளிக்கெழம அஸ்திவாரத்துக்கு வானம் தோண்டுறாய்ங்க. அதுக்குள்ள நிப்பாட்டணும். அதுக்குத்தான் மனு. நீங்களே சொல்லுங்க, பொருள்னு என்ன போடலாம்? 'கள்ளக் கையெழுத்து தொடர்பாக'ன்னு போடுங்க. யாரு கையெழுத்தா? ஊராட்சித் தலைவரோட கையெழுத்து. யாரு போட்டாகளா? ஊராட்சித் தலைவர்.

பேனாவ ஏண்ணே கீழ வச்சுட்டீக?

சரி, வேற மாதிரி எழுதுவோம். 'எடம் பொருத்தமில்லாதது'ன்னு எழுதுங்க. ஏன் பொருத்தமில்லையா? மேடு. ஆமா, தொட்டி மேட்டுலதான் கட்டணும், அது எனக்கும் தெரியும். அப்ப அதையும் விடுங்க. 'ஊருல பெரும்பாலானோர் எதிர்ப்பு'ன்னு போடுங்க. எத்தன பேரா? இப்போதைக்கு நான்.

இருங்க, போன் அடிக்குது. அவதான். ம். ம். இல்ல, சும்மா டவுனுக்கு வந்தேன், ஒரு வேலையா. என்ன? ... ம். சாப்பிட்டுக்கிறேன். சரி. வாங்கிட்டு வாரேன். சரி சரி, வச்சுரு.

கேட்டீகளா? 'கலெக்டர் ஆபீஸுல கூட்டமா? வெயில்ல நிக்காதீக, அம்மை எறங்குன ஒடம்பு. மத்தியானம் சாப்பிடாம இருக்காதீக'ங்கிறா. நான் சொல்லவே இல்லண்ணே, எங்க போறேன்னு. வரும்போது நீல மை பேனா ரெண்டு வாங்கிட்டு வரணுமாம். வெள்ளிக்கெழம நெறையக் கையெழுத்து இருக்காம்.

நீங்க எழுதுங்க. எப்படியோ ஒங்க பாணியில எழுதுங்க, நிப்பாட்டணும், அம்புட்டுத்தான். அனுப்புநர்ல மட்டும் என்ன போடுவீக? தலைவர்னு போட முடியாதா? தலைவரின் கணவர்? அப்படி ஒரு பதவியே சட்டத்துல இல்லையா? நாலு வருஷம் இருந்தேனேண்ணே! அப்ப நான் யாரு? ... 'பொதுமக்களில் ஒருவன்.' ம். அப்படியே போடுங்க. வேற என்ன செய்ய.

முடிஞ்சதா? நல்லா எழுதியிருக்கீக. படிச்சா எனக்கே கோவம் வருது. எங்க கையெழுத்துப் போடணும்? இங்கயா, 'இப்படிக்கு'க்குக் கீழயா? குடுங்க பேனாவ.

இந்தா.

என்னண்ணே? ஏன் அப்படிப் பாக்குறீக? திருப்புங்க பாப்போம்.

அட.

கை பழகிப்போச்சுண்ணே. சிரிக்காதீக. வேற பேப்பரு குடுங்க, இப்பப் பாருங்க. மெதுவாப் போடுறேன். சே... வு... இல்ல, 'சே'க்கு அடுத்து நான் ஒரு மாதிரி சேத்துப் போடுவேன், அது எப்படின்னு... இருங்க. பேங்குல போட்டது. கல்யாணத்துல போட்டது. எப்படிண்ணே போட்டேன்? கை தன்னால சுழிக்குத்தான் போகுது பாருங்க.

வேணாம், ரெண்டையும் கிழிச்சுருங்க. இல்ல, இருங்க, அந்த மொதப் பேப்பரக் குடுங்க ஒரு தடவ. வால் எப்படி வந்திருக்கு பாத்தீகளா? கம்பீரமா இல்ல? அவளுக்கு இந்த வளைவு வராதுண்ணே.

வருமோ?

சரி, கிளம்புறேன். நீல மை பேனா எங்கண்ணே நல்லதாக் கெடைக்கும் இங்குட்டு?